ஒரு காசு உயரம்

இல்லைங்க, ஸ்கூட்டரை எடுக்க மாட்டேன். நீங்க எத்தனை தடவை ஹாரன் அடிச்சாலும் சரி, கேட்டுக்குக் குறுக்கதான் நிக்கும். கோபப்படுங்க, பரவாயில்ல. நான் உங்க இடத்துல இருந்தா இந்நேரம் சட்டையைப் பிடிச்சிருப்பேன். முதல்ல எஞ்சினை ஆஃப் பண்ணுங்க சார். பண்ணுங்க. சாவி உங்க கையிலயே இருக்கட்டும், நான் ஒண்ணும் பிடுங்க மாட்டேன்.

ஆமா, நேத்து ஒர்க்‌ஷாப்ல பார்த்த அதே ஆளுதான். உங்க வண்டிக்கு முன் சக்கரத்துல புது பிரேக் பேட் மாட்டினது நான்தான். பேட் கவ்வுற டிஸ்க் தட்டும் நல்லா இருக்கு சார், இன்னும் ஒரு வருஷம் கண்ணை மூடிக்கிட்டு ஓட்டலாம்னு சொன்னதும் நான்தான். சர்வீஸ் சீட்டுல டிஸ்க் கனம் இருபத்தொண்ணரை மில்லிமீட்டர்னு எழுதிக் கீழ கையெழுத்து கூடப் போட்டேன். இன்னைக்குக் காலங்காத்தால வந்து, வண்டியை எடுக்காதீங்கன்னு ஒத்தக் கால்ல நிக்கிறதும் நான்தான். பைத்தியக்காரன்னுதான் நினைப்பீங்க. நினைச்சுக்குங்க.

ஃபோன் பண்ணாமலா? ஆறு மணியிலிருந்து ஒன்பது தடவை பண்ணினேன் சார். தெரியாத நம்பர்னு நீங்க கட் பண்ணிக்கிட்டே இருந்தீங்க. அப்புறம் ஒர்க்‌ஷாப் கதவைத் திறக்க வெச்சு, சீட்டோட நகல்ல உங்க விலாசத்தைத் தேடி, உயிரைக் கையில பிடிச்சுக்கிட்டு ஓடி வர்றேன். நேத்து பெஞ்சுல காத்துக்கிட்டு இருந்தப்போ நீங்களே சொன்னீங்க. மாமனாருக்குக் கண் ஆபரேஷன், காலையில பத்தரைக்குள்ள கீழ டவுனுக்குப் போய்ச் சேரணும், அதனாலதான் பிரேக்கைப் பார்க்கச் சொல்றேன்னு. சொன்னீங்களா இல்லையா? பதினெட்டு கிலோமீட்டர் இறக்கம். முன்னால பெரியவர், பின்னால உங்க வீட்டுக்காரம்மா, என் தங்கச்சி மாதிரி, அப்புறம் பாப்பா, டிக்கி நிறைய சாமான்.

கையா? இது ஒண்ணும் இல்லைங்க. காலையில சூடு பட்டுடுச்சு. வீட்டுக்காரி மருந்து தடவி துணியைச் சுத்திவிட்டா. வலியெல்லாம் இல்ல. விடுங்க, இப்ப அதுவா முக்கியம்?

தெரியும், தெரியும். புது டிஸ்க் ரெண்டைத் தலையில கட்டுறதுக்கு இவன் வீடு தேடி வந்துட்டான்னு நினைக்கிறீங்க. தங்கச்சி அங்க கார்ல உக்கார்ந்துக்கிட்டு முணுமுணுக்கிறதும் அதைத்தான். எங்க தொழில்ல அப்படிப்பட்டவன் இருக்கான், இல்லைன்னு சொல்லல. ஆனா அவன் வண்டியை ஒர்க்‌ஷாப்புக்கு வரச் சொல்லுவான் சார். இப்படி ரோட்டுல நின்னு திட்டு வாங்க மாட்டான். நான் உங்களை என்கிட்ட வரவே சொல்லல. வேற எந்த ஒர்க்‌ஷாப்ல வேணா மாத்திக்குங்க. இன்னைக்கு இறக்கத்துல இறக்காதீங்க, அவ்வளவுதான் கேக்கறேன்.

பிரேக் நல்லாத்தான் பிடிக்குதா? பிடிக்கும் சார், ஏன் பிடிக்காது! இந்தத் தெருவுல இருபது ஸ்பீடுல போய் மிதிச்சா, தேஞ்ச டிஸ்க்கும் நிக்கும். ஸ்டியரிங் உதறல, சத்தம் இல்ல, எல்லாம் சரி. உதறினா நீங்களே பயந்துபோய் வண்டியைக் கொண்டு வந்துடுவீங்களே. ஒண்ணுமே காட்டாம தேயுது பாருங்க, அதுதான் ஆபத்து. உங்களோடது புதுசுல இருபத்திரெண்டு மில்லிமீட்டர் கனம். இருபதுக்குக் கீழ போனா கழட்டிப் போட்டுடணும்னு டிஸ்க்லயே பொறிச்சிருக்கு. ஏன்னா, இறக்கத்துல மிதிச்சு மிதிச்சு அது கொதிக்கும். கனமா இருந்தா அந்தச் சூட்டைத் தாங்கும். மெல்லிசா இருந்தா, மெல்லிசான பாத்திரத்தை அடுப்புல வெச்ச மாதிரி உடனே... ம்ம். உடனே சூடேறிடும். சூடு உள்ள பிரேக் ஆயிலுக்குப் போகும். ஆயில் கொதிச்சுதுன்னா, நீங்க மிதிக்கிறீங்க, பெடல் தரை வரைக்கும் போகுது, வண்டி பாட்டுக்குப் போய்க்கிட்டே இருக்கும். எட்டாவது வளைவா, பத்தாவது வளைவா, யாருக்குத் தெரியும்.

பெரியவரே, திட்டுங்க, நல்லாத் திட்டுங்க. இந்தத் தேதி கிடைக்க மூணு மாசம் காத்திருந்தீங்கன்னு மாப்பிள்ளை சொன்னார். ஆபரேஷனுக்கு நீங்க போறீங்க. அது என் பொறுப்பு. அதோ தெரு முனையில மஞ்சள் டாக்ஸி நிக்குது பாருங்க, அது என் மச்சானோடது. அவனைப் பாதித் தூக்கத்துல எழுப்பிக் கூட்டிட்டு வந்திருக்கேன். மூணு மாசம் முன்னாடிதான் நாலு சக்கரத்துக்கும் புது டிஸ்க் போட்டது. மணி ஏழேகால்கூட ஆகல. எட்டு மணிக்குக் கிளம்பினாலும் போதும்.

நேத்து ராத்திரிக்கும் இன்னைக்குக் காலைக்கும் நடுவுல டிஸ்க் எப்படித் தேயும்னு கேக்கறீங்க. சரியான கேள்வி. தேயலைங்க. நேத்தே தேஞ்சுதான் இருந்துச்சு. நேத்து அளந்த அளவு தப்பு. அதாவது, மைக்ரோமீட்டர்னு ஒண்ணு இருக்கு, கூர் மூக்கு வெச்சது. அதை வெச்சுதான் அளக்கணும். அது கீழ விழுந்து ரிப்பேருக்குப் போய் ரெண்டு வாரம் ஆச்சு. யார் போட்டதா? நான்தான். கை நழுவிடுச்சு. எல்லாருக்கும் நழுவுறதுதானே.

இங்க வாங்க சார், சக்கரத்துக்கிட்ட வாங்க, காட்டறேன். இந்தப் பேட் இருக்கே, அது டிஸ்கோட நடுப்பகுதியில மட்டும்தான் உரசும். ஓரமா ஒரு வளையம் மாதிரி இருக்கு பாருங்க, அந்த விளிம்புல உரசாது. அதனால நடுவுல தேயும், விளிம்பு பழைய உயரத்துலயே நிக்கும். மைக்ரோமீட்டரோட மூக்கு விளிம்பைத் தாண்டி உள்ள போய் அளந்துடும். நேத்து நான் வெச்ச சாதா வெர்னியர் அளவுகோலோட தாடை தட்டையா இருக்கும். அது விளிம்பு மேலயே உக்கார்ந்துக்கும். தேயாத இடத்தை அளந்துட்டு, ஆஹா புதுசுன்னு சொல்லும். சுத்த மடையன்கூட அதை நம்ப மாட்டான்.

நான் நம்பலைங்க. வெர்னியர் இருபத்திரெண்டு காட்டுச்சு. அது விளிம்புன்னு எனக்குத் தெரியும். இருபத்தாறு வருஷ சர்வீஸ். விளிம்பு எவ்வளவு எழும்பியிருக்குன்னு நகத்தை வெச்சு ஒரு இழு இழுத்தேன்னா சொல்லிடுவேன், கால் மில்லிமீட்டர், அரை மில்லிமீட்டர்னு. பசங்க அப்புறமா அளந்து பார்த்துட்டு வாயைப் பிளப்பானுங்க. ஒர்க்‌ஷாப்ல என் பேரையே மறந்துட்டாங்க சார், ஸ்கேன்னுதான் கூப்பிடுவாங்க. முதலாளியே, ஸ்கேன் தடவிட்டானா, அப்ப விடுன்னு சொல்லுவார். அப்படித்தான் நேத்தும் தடவினேன். இந்தப் பக்கம் கால், அந்தப் பக்கம் கால், மொத்தம் அரை. இருபத்திரெண்டுல அரை போச்சு, இருபத்தொண்ணரை. எழுதிட்டேன்.

அப்புறம் எப்படித் தப்புன்னா... வெளிச்சம் கம்மி. கடைசி வண்டி வேற. அவசரம். ப்ச். சப்பைக்கட்டு கட்டறேன். விடுங்க.

சார், ஒரு உதவி பண்ணுங்க. ஸ்டியரிங்கை முழுசா இடது பக்கம் ஒடிங்க. ஆங், போதும். இப்ப இந்த இடைவெளியில விரலை விடுங்க. பயப்படாதீங்க, ராத்திரி முழுக்க நின்ன வண்டி, ஜில்லுனுதான் இருக்கும். நடுவுல வழவழன்னு இருக்கா? அப்படியே நகத்தை வெளிப்பக்கமா இழுத்துட்டுப் போங்க. மெதுவா. என்ன ஆச்சு? நிக்குதா? நகம் முட்டி நிக்குதா, இல்ல ஏறிப் போயிடுதா? சரியா சொல்லுங்க சார், விளையாட்டு இல்ல.

முட்டி நிக்குது. நல்லா முட்டுதா? ம்.

இந்தாங்க, இந்தக் காசைப் பிடிங்க. ஒண்ணரை மில்லிமீட்டர் கனம், வெர்னியர்ல வெச்சுப் பார்த்துட்டுதான் கொண்டு வந்தேன். அதை டிஸ்க் மேல படுக்க வெச்சு விளிம்போட ஒட்டித் தள்ளுங்க. தள்ளிட்டீங்களா? இப்ப காசு மேலயிருந்து விளிம்புக்கு விரலை ஓட்டுங்க. இறங்குதா? அரைக் காசு உயரமாவது இறங்கினா நான் சொன்னதெல்லாம் பொய், கால்ல விழுந்து மன்னிப்புக் கேட்டுட்டு ஸ்கூட்டரை எடுத்துட்டுப் போயிடறேன். நிஜமா சொல்றேன், இறங்கணும்னு நானே வேண்டிக்கிட்டுதான் வந்தேன்.

இறங்குதா, இல்லையா? சொல்லுங்க சார்.

தங்கச்சி, கொஞ்சம் பொறும்மா. பாப்பா, ஹாரனை அமுக்காதடா கண்ணு, மாமாவுக்குக் கேக்கல.

ஒரே மட்டமா? காசும் விளிம்பும் ஒரே மட்டமா? ஒரு இடத்தை வெச்சு முடிவு பண்ணக் கூடாது. கியரை நியூட்ரல்ல போட்டு, வண்டியை ஒரு சாண் தள்ளறேன். ம்... இப்ப இன்னொரு இடத்துல வெச்சுப் பாருங்க. அதேதானா? விளிம்பு கொஞ்சம் ஜாஸ்தியாவே இருக்கா?

கொஞ்சம் இருங்க. உக்கார்ந்துக்கறேன். ஒண்ணும் இல்ல, தண்ணியெல்லாம் வேணாம்மா.

கணக்கு நீங்களே போடுங்க. ஒரு பக்கம் ஒண்ணரை, உள்பக்கமும் கிட்டத்தட்ட அதேதான் இருக்கும், மூணு போச்சு. இருபத்திரெண்டுல மூணு போனா பத்தொன்பது. இருபதுக்கே கழட்டிப் போடணும். நான் இருபத்தொண்ணரைன்னு எழுதிக் கொடுத்து, போய்ட்டு வாங்கன்னு டாட்டா காட்டியிருக்கேன் சார். பாப்பாவும் எனக்குக் கையை ஆட்டிட்டுப் போச்சு.

ம். சாமானை எல்லாம் எடுத்து டாக்ஸிக்கு மாத்துங்க. ஏய் மச்சான், முன்னாடி வா! பெரியவரைப் பிடிச்சு ஏத்து, தலை இடிச்சுக்கப் போறார். பெரியவரே, பார்வை நல்லபடியா வரட்டும், வந்ததும் முதல்ல என்னைத் தேடி வந்து ரெண்டு அறை விடுங்க. சிரிக்கிறார் பாருங்க. இவ்வளவு நேரம் என்னைக் கொல்ற மாதிரி பார்த்துட்டு.

உங்க வண்டிக்கு வலது, இடது ரெண்டையும் ஜோடியாத்தான் மாத்தணும், ஒண்ணை மட்டும் மாத்தக் கூடாது. அதை யார் மாத்தினாலும், மைக்ரோமீட்டரால அளந்து உங்க கண்ணு முன்னால காட்டச் சொல்லுங்க. தடவிப் பார்த்துச் சொல்ற ஆளை நம்பாதீங்க. அவன் எவ்வளவு பெரிய ஸ்கேனா இருந்தாலும் சரி.

என்ன சார்? அதானா? ஏன் உங்களைத் தொடச் சொன்னேன், நானே தடவிப் பார்த்திருக்கலாமேன்னா?

நான் தொட்டா எனக்குத் தெரியாதுங்க.

சக்கரை வியாதி. ஆறேழு மாசமா விரல் நுனி மரத்துக்கிட்டே வருது. முதல்ல ரெண்டு விரல்தான். நட்டு கை நழுவும், பசங்க சிரிப்பானுங்க, நானும் சேர்ந்து சிரிச்சுடுவேன். டாக்டர் சொன்னார், வீட்டுல சொல்லல. முதலாளிகிட்ட சொன்னா ஸ்கேனுக்கு என்ன வேலை? நகத்துக்கு உணர்ச்சி தேவையில்ல, நகம் இடிச்சாலே தெரிஞ்சுடும்னு எனக்கு நானே சொல்லிக்கிட்டேன். நேத்து உங்க டிஸ்க்ல கால் மில்லிமீட்டர்னு சொன்னேனே, அது தடவித் தெரிஞ்சு சொன்னது இல்ல சார். தெரியல. ஒண்ணுமே தெரியல. தெரியலைன்னா விளிம்பு சின்னதாத்தான் இருக்கும்னு எழுதிட்டேன்.

இன்னைக்குக் காலையில அடுப்புல இருந்த பால் பாத்திரத்தை வெறுங்கையால பிடிச்சு இறக்கி வெச்சேன். வீட்டுக்காரி அலர்றா. எதுக்குடி கத்தறேன்னு கேக்கறேன் நான். அப்புறம் அவ காட்டினப்புறம்தான் குனிஞ்சு என் கையைப் பார்த்தேன். தோல் அப்படியே வழண்டு கிடக்கு. அந்த நிமிஷம் கை ஞாபகம் வரலைங்க. உங்க வண்டிதான் ஞாபகம் வந்துச்சு.

மைக்ரோமீட்டர் இல்லாத இந்த ரெண்டு வாரத்துல இன்னும் பத்து வண்டி. லிஸ்ட் பையில இருக்கு. முதலாளிகிட்ட போய் எல்லாத்தையும் சொல்லிட்டு, ஒருத்தனைக் கூட்டிக்கிட்டு ஒவ்வொரு வீடாப் போகணும். பயமாத்தான் இருக்கு. நீங்க கிளம்புங்க, மச்சான் காத்துக்கிட்டு இருக்கான். சாவியா? வண்டியை என்கிட்டயேவா விட்டுட்டுப் போறீங்க? கையில கொடுக்காதீங்க சார், சட்டைப் பையில போட்டுடுங்க. கையில இருந்தா, எப்ப விழுந்துச்சுன்னு எனக்குத் தெரியாது.