மேசை இழுப்பறையில் கிடந்த மனு

தகராறு கிளப்பக்கூடிய தாள் எது வந்தாலும், அதை மேசையின் அடி இழுப்பறையில் போட்டு ஆறவைப்பது தலைமையாசிரியர் அமிர்தராஜின் வழக்கம். சிங்கம் தூங்கி எழுவதற்குள் நரியும் கரடியும் தாமாகவே சமாதானமாகிவிட்ட கதையை அதற்கு ஆதாரமாகச் சொல்வார். 1996 நவம்பரில் ஒரு மாலை, சிங்காநல்லூர்ப் பேருந்து நிலையத்தை ஒட்டிய தொலைபேசிக் கூண்டுக்குள் நின்று, தாளாளரை எதிர்த்துப் பேசி மே மாதம் வேலையிழந்த ஓவிய ஆசிரியர் கண்ணையாவின் வீட்டுக்குப் பக்கத்துக் கடை எண்ணைச் சுழற்றினார்.

“ஹலோ... பஷீர் பாய் கடைங்களா?... ஆமாங்க, ஆமாங்க, அமிர்தராஜ்தானுங்க. டிராயிங் மாஸ்டரைக் கொஞ்சம் கூப்பிடுங்க... வெச்சுப்போடாதீங்க பாய்...

கண்ணையா சாருங்களா?... இருங்க, திட்டறதுக்கு முந்தி கேட்டுப்போடுங்க... உங்க கேஸ் தள்ளுபடி ஆனது தெரியுமுங்க. முதல்ல கல்வி அதிகாரிகிட்ட அப்பீலு, அப்பறந்தான் கோர்ட்டுன்னு ஜட்ஜ் சொல்லிப்போட்டாரு... ஆமாங்க, ஆமாங்க. நீங்க அப்பீல் எழுதாமயா இருந்தீங்க? தலைமையாசிரியர் மூலமாப் போறதுதான் முறைன்னு எங்கிட்டயே கொடுத்தீங்க. வேற ஆளா இருந்தா நேரா தபால்ல போட்டிருப்பாங்க...

அனுப்பலீங்க... இழுப்பறையிலயே கெடந்துதுங்க... ‘கொஞ்ச நாளு கெடக்கட்டும்’னாரு தாளாளர்... இல்லீங்க, அவரு மேல பழி போடலீங்க. கை என்னுதுதானே... ஆமாங்க. அப்படியொரு மனுவே வரலைன்னு கோர்ட்டுக்கு எழுதிக் கொடுத்ததும் நாந்தானுங்க...

இப்ப எதுக்குங்களா?... இன்னைக்கு மத்தியானம் அந்த மனுவை அதிகாரி ஆபீசுல கொடுத்துப்போட்டேனுங்க. கூடவே என் லெட்டரும். கெடு தாண்டினது உங்க தப்பில்லை, கோர்ட்டுக்கு நான் எழுதினது பொய்யின்னு... சீல் வெச்ச நகல் இருக்குதுங்க... எடுத்துக்குவாங்களான்னு தெரியலீங்க, பாக்கறோம்னாங்க... என் பென்ஷனா? அதை உடுங்க...

என்னதுங்க?... உங்க வீட்டு அம்மணியே நம்பலையா?... ‘ஹெட்மாஸ்டரே வரலைன்னு எழுதியிருக்காரு, நீங்கதான் பொய் சொல்றீங்க’ன்னு... ரெண்டு மாசமாப் பேச்சே இல்லீங்களா?... ஐயோ, கர்த்தரே...”

வெளியே காத்திருந்த இருவர் கண்ணாடியைத் தட்டினார்கள். அமிர்தராஜ் அவர்களை ஏறிட்டுப் பார்க்கவில்லை.

“கடைக்கு வந்திருக்காங்களா?... கொடுங்க... வணக்கமுங்க அம்மணி... ஆமாங்க, அதே அமிர்தராஜ்தான்... சத்தமாச் சொல்லோணுங்களா?... கடையில நிக்கறவங்களுக்கும் கேக்கோணுமா?... சரிங்க. பாயை ரிசீவரைத் தூக்கிப் புடிக்கச் சொல்லுங்க.”

தட்டியவர்களில் ஒருவர் கூண்டின் கதவைப் பாதி திறந்தார். அமிர்தராஜ் அதைச் சாத்தவில்லை. காலை வழிபாட்டில் ஒலிபெருக்கி இல்லாத நாள்களில் பேசும் குரல் வந்தது.

“தலைமையாசிரியர் அமிர்தராஜ் சொல்றேனுங்க. கண்ணையா சார் மனுவை எங்கிட்டக் கொடுத்தாரு. ஒளிச்சு வெச்சதும் நாந்தான், வரலைன்னு பொய் எழுதினதும் நாந்தான். அவரு உங்ககிட்டப் பொய் சொல்லலீங்க அம்மணி... ஹலோ?... கேட்டுதுங்களா?... இன்னொருக்காவா?... சொல்றேனுங்க.”

சொன்னார். பாதியிலேயே இணைப்பு அறுந்துபோயிற்று. மீதியையும் சொல்லி முடித்த பிறகே ரிசீவரை வைத்தார்.