இரட்டைப் பத்தி அம்மையாருக்குப் பிரியாவிடை மடல்

ஐந்தாண்டுகளுக்கு முன், மார்ச் மாதத்தின் இரண்டாம் வாரத்தில், இந்நகரத் துறைமுகத்தின் வடக்கு வாயில் மூடப்பட்டது. அண்டை நாட்டுடனான கப்பல் ஒப்பந்தம் நாடாளுமன்றத்தில் முடங்கிக் கிடந்ததால் அங்கே கப்பல் வரத்து நின்றுபோயிருந்தது.

அரசியல் பக்கத்தின் அச்சாணியே, ஆசிரியர் குழுவின் அஞ்சாமையே, அன்பும் அதட்டலும் ஒருசேர அளித்த அம்மையீர்!

நீங்கள் வருமுன் வெளிநாட்டுச் செய்திப் பிரிவுக்கும் உள்ளூர்ப் பிரிவுக்கும் நடுவே ஓர் இரும்பு அலமாரி நின்றது. வந்த வாரமே அதை மாடிப்படிக்கு அடியில் தள்ள வைத்தீர்கள். தூதரகத்தில் போட்ட கையெழுத்து எந்த வீட்டு அடுப்பில் தெரிகிறது என்று வெளிநாட்டுப் பிரிவையும், தெருமுனைக் கோபம் எந்த நாட்டுப் பேச்சுவார்த்தையில் பிறந்தது என்று உள்ளூர்ப் பிரிவையும் கேட்டுக் கேட்டுப் பாடாய்ப் படுத்தினீர்கள்.

வடக்கு வாயில் மூடப்பட்டபோது, ஒப்பந்தம் வந்தால் சோறு என்றது ஆளுங்கட்சி. வந்தால் மானம் போச்சு என்றது எதிர்க்கட்சி. நீங்கள் பழைய பேச்சுகளைத் தேடி எடுத்தீர்கள். முந்தைய ஆட்சியில், நாற்காலிகள் இடம் மாறியிருந்த காலத்தில், இதே ஒப்பந்தத்துக்கு இன்றைய ஆளுங்கட்சி மானம் பேசியிருந்தது, இன்றைய எதிர்க்கட்சி சோறு பேசியிருந்தது. வாக்கியங்கள் மாறவில்லை, வாய்கள்தான் மாறியிருந்தன. அன்றைய பேச்சையும் இன்றைய பேச்சையும் முதல் பக்கத்தில் இரண்டு பத்திகளாக அருகருகே வைத்தீர்கள்.

பத்திரிகை உரிமையாளர் மாலையில் நேரே உங்கள் மேசைக்கு வந்தார். "இது நாளைக்கு வந்துச்சுன்னா, நாளன்னிக்கு நீங்க வர வேண்டாம்மா."

"சரி சார். நாளைக்கு வரலாமில்ல?"

பக்கம் அச்சேறியது. விடிந்ததும் இரு கட்சிக்காரர்களும் வாசலில் திரண்டார்கள்.

"ஒண்ணா வந்தீங்களா, தனித்தனியா வந்தீங்களா?" என்றார் நம் காவலாளி.

"யோவ், நாங்க எதிரெதிர்க் கட்சிய்யா."

"கோஷம் ஒண்ணாத்தானே கேக்குது."

"எங்கள் நிலைப்பாடு என்றும் மாறியதில்லை" என்று இருதரப்பும் மறுப்பு அனுப்பின. அவற்றையும் மறுநாள் இரண்டு பத்திகளாகவே போட்டீர்கள். சுமைதூக்கும் தொழிலாளர்கள் அந்தப் பக்கங்களை மூடிய வாயிலில் ஒட்டினார்கள். ஆதரவு கேட்டு யார் வந்தாலும் அங்கே நிறுத்தி, "ரெண்டும் உங்க பேச்சுதாண்ணே. எதை நம்பட்டும்?" என்றார்கள். வாயிலில் ஆதரவு கிடைக்காமல் போகவே, இரு கட்சிகளும் பேச்சுவார்த்தைக்கு உட்கார்ந்தன.

வர வேண்டாம் என்ற நாளிலும் நீங்கள் வந்தீர்கள். கூடுதல் பிரதி கேட்ட முகவர்களுக்கு உங்கள் நாற்காலியில் அமர்ந்து பதில் சொல்லிக்கொண்டிருந்த உரிமையாளர், உங்களைக் கண்டதும் எழுந்து இடம் விட்டார். அதே நாற்காலியிலிருந்துதான், அம்மையீர், இன்று நீங்களாக எழுந்து விடைபெறுகிறீர்கள். இதைவிட வெற்றி எங்கள் தொழிலில் இல்லை.

இனி உங்கள் காலைகள் நாங்கள் போடும் தலைப்புகளில் குறை கண்டு குதூகலமாகக் கழியட்டும். கண்ணாடியின் பவர் ஏறாமல், குரலின் கம்பீரம் இறங்காமல் பல்லாண்டு வாழ்க.

ஒப்பந்தம் இரு கட்சிகளின் வாக்கோடும் நிறைவேறியது. வடக்கு வாயில் திறந்திருக்கிறது.

இங்ஙனம்,
ஒரே மேசையில் அமர்ந்திருக்கும் இரு பிரிவினர்