காலி நாற்காலிக்கு ஒளி அமைத்தவர்

"அக்கா, நான் எழுந்திரிக்கட்டுமா?"

முப்பத்தோர் ஆண்டுகளுக்கு முன் இந்த மூன்றாம் படப்பிடிப்புத் தளத்தில் தங்களிடம் கேட்கப்பட்ட அந்தக் கேள்வியை வணங்கியே, தங்கள் பணி ஓய்வு நாளின் இம்மடலைத் தொடங்குகிறோம். ஒற்றை விளக்கில் உலகை வரைந்தவரே, இருளுக்கும் இடம் விட்ட இமையாத விழியே, எங்கள் ஒளிப்பதிவாளர் யார்மிலா கோவாரோவா அம்மையாரே!

கேட்டவர் தங்கள் தங்கை வியேரா. நடிகை ஒப்பனை முடித்து வரும்வரை அவருடைய நாற்காலியில் அமர்ந்து, விளக்கொளியைத் தம் முகத்தில் வாங்கிக்கொள்வதே அவர் வேலை. இதயம் பலவீனமானவர். தாங்கள் ஏணியில் நின்று விளக்கைத் திருப்பிக்கொண்டிருந்தீர்கள், பதில் சொல்லவில்லை. இறங்கி வந்தபோது ஒளி சரியாக இருந்தது. வியேராவின் உயிர் போயிருந்தது.

அன்றுமுதல் அந்த நாற்காலியில் தாங்கள் வேறெவரையும் அமர்த்தவில்லை. காலியாக விட்டே ஒளி அமைத்தீர்கள். நாற்காலியின் கருத்த மரத்துக்கு நேரே ஒளிமானியை நீட்டினால், முள் ஒரு வெளிறிய முகத்தின் அளவைக் காட்டும். தாங்கள் படித்துச் சொன்ன அந்த அளவையே உதவியாளர் ஒத்தகர் கேமராவில் வைப்பார். நாற்பத்திரண்டு படங்களில் ஒருமுறைகூட அது பிசகவில்லை. ஜனவரிக் குளிரில், கணப்பில்லாத கிடங்கிலிருந்து அந்த நாற்காலியைத் தூக்கி வந்தவர்கள், உட்காரும் பலகை இளஞ்சூடாக இருப்பதை உணர்ந்து கையை இழுத்துக்கொண்டதுண்டு.

முகத்தில் ஒரு பாதி ஒளி, மறுபாதி இருள். அதுவே தங்கள் பாணி. "முழு மூஞ்சியோட வந்த நடிகைம்மா, பாதியத்தான் காட்டுறீங்க" என்று ஓர் இயக்குநர் குறைப்பட்டார். "மீதிய ஜனங்க வீட்டுக்குப் போய்ப் பார்த்துக்குவாங்க" என்றீர்கள். இந்த அம்மா இரண்டாவது விளக்குக் கேட்டால் மீசையை எடுத்துவிடுவதாகப் பந்தயம் கட்டிய மின்பணியாளர் பெட்ரிக், இன்றும் அதே மீசையோடு கடைசி வரிசையில் அமர்ந்திருக்கிறார்.

அம்மையே, ஒத்தகர் ஒருமுறை துணிந்து, அந்தக் கேள்விக்கு ஏன் இன்னும் பதில் சொல்லவில்லை என்று கேட்டார். "சொல்லிட்டா போயிடுவா. அப்புறம் எனக்குன்னு யாரு இருக்கா?" என்றீர்கள். நாங்கள் அதன்பின் கேட்கவில்லை. ஆனால் நாளைமுதல் கேமராவுக்குப் பின்னால் ஒத்தகர் நிற்பார். தங்கள் தங்கையை அவரால் அனுப்பிவைக்க முடியாது. வியேரா கேட்டது தங்களிடம். எங்களை எண்ணியல்ல, இத்தனை ஆண்டுகள் அசையாமல் அமர்ந்திருப்பவரை எண்ணி, போவதற்குமுன் பதில் சொல்லுங்கள்.

கண்ணில் ஒளியும் காலில் வலுவும் குறையாமல், தங்கள் தோட்டத்துப் பிளம் மரங்களில் இன்னும் பல கோடைகள் தங்கள் கையாலேயே பழம் பறித்து வாழ்க!

அன்பு மாறாத,
மூன்றாம் தள ஊழியர்கள்

மடலுக்குக் கண்ணாடிச் சட்டம் இடுமுன் அடியில் எழுதிச் சேர்த்தது:

மடல் வாசித்து முடிந்தபின் யார்மிலா அந்தக் காலி நாற்காலியின் முன் மண்டியிட்டார். "எழுந்திரு கண்ணு. ரொம்ப நேரம் உக்கார வச்சுட்டேன்" என்றார். ஒத்தகர் நீட்டியிருந்த ஒளிமானியின் முள் மெல்ல மெல்ல இறங்கி, வெறும் மரத்தின் அளவில் நின்றது. தங்கை ஏதாவது சொல்வாள் என்று யார்மிலா தலையைச் சாய்த்துக் காத்திருந்தார். வியேரா ஒரு சொல்லும் சொல்லாமல் போயிருந்தாள்.