டெல்பர்ட் ஓடிய திசை

அமெரிக்கக் கால்பந்தில் தடுப்பு ஆட்டக்காரனின் பெயர் யார் நினைவிலும் நிற்பதில்லை, மேடம். பந்தை எறிபவனுக்குச் சிலை வைப்பார்கள். பிடித்துக்கொண்டு ஓடுபவனின் சட்டையைப் பிள்ளைகள் போட்டுக்கொண்டு திரிவார்கள். அவர்களைத் தரையில் சாய்ப்பது எங்கள் வேலை. அதையும் யாராவது செய்தாக வேண்டுமே. நானும் டெல்பர்ட் ஹேன்ஸும் ஒரே அணியில், தோளோடு தோள் நின்று, முழங்கால் தேயும்வரை செய்தோம்.

ஏரியின் மேல் கிடந்த பனியில் அவன் காலடிகள் ஓடியவனின் காலடிகளாக இருக்கின்றன, என்னுடையவை நின்ற இடத்திலேயே இருக்கின்றன என்று சொன்னீர்கள். சரியாகத்தான் பார்த்திருக்கிறீர்கள். ஆனால் அதைச் சொல்ல வேண்டுமானால் கீனன் ஆஷிலிருந்து தொடங்க வேண்டும்.

கீனன் எதிரணிக்காரன். அலபாமாவிலிருந்து வந்த ஒல்லிப் பையன். ஒரு வருடம் கடைசிச் சுற்று ஆட்டத்தில் அவன் பந்தைப் பிடித்துக்கொண்டு என்னைத் தாண்டித் தாண்டிப் போனான். அரங்கம் சிரித்தது. பயிற்சியாளர் என்னைத் திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன். அவர் என் பக்கம் திரும்பவே இல்லை. அடுத்த வருடம் என் இடத்தில் வேறொருவன் நிற்பான் என்று அதற்கு அர்த்தம்.

ஆட்டத்தின் நடுவே வட்டமாகக் கூடி நின்றபோது டெல்பர்ட்டின் காதில் சொன்னேன். "நீ தூக்கிப் புடி. நான் ஒடைக்கிறேன்."

"எதைடா?"

"புடி, அப்பறம் சொல்றேன்."

டெல்பர்ட் அதற்கு மேல் கேட்க மாட்டான். எந்தப் பக்கம் ஓட வேண்டும் என்று எங்கள் பக்கத்தில் குரல் கொடுப்பவன் நான். என் வாயிலிருந்து சொல் விழுவதற்குள் அவன் கால் கிளம்பிவிடும். அன்றும் கிளம்பியது. கீனனை இடுப்போடு அணைத்துத் தூக்கிவிட்டான். கீனனின் கால் தரையில் இல்லை. நான் தலையைத் தாழ்த்திக்கொண்டு, தலைக்கவசம் முன்னால் வர, அவன் தாடைக்குக் கீழே போய் மோதினேன்.

கீழே விழுந்தவனின் கைகள் விழுந்தபடியே கிடந்தன. தப்பாட்டம் என்று காட்டும் மஞ்சள் துணியை நடுவர் வீசவில்லை. விபத்து என்றார்கள். நானும் அப்படித்தான் சொன்னேன்.

மருத்துவமனைக்கு முதலில் போனவன் நான்தான். கீனனின் அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டு, "நீ என்னப்பா பண்ணுவ, அந்த ஆட்டமே அப்படி" என்று அழுதார். அதன்பிறகு கிறிஸ்துமஸுக்கு நான் அவர்கள் வீட்டுக்குப் போகாத வருடம் இல்லை. சர்க்கரைவள்ளிக் கிழங்கு வைத்த இனிப்பு அப்பம் எனக்காகத் தனியாகச் சுட்டு வைப்பார். நானும் கீனனும் தேவாலயம் தேவாலயமாகப் போய் மன்னிப்பைப் பற்றிப் பேசினோம். அவனுடைய சக்கர நாற்காலியை நான்தான் தள்ளிக்கொண்டு போவேன். கண் கலங்காத சபையே கிடையாது. இவ்வளவு நல்லது விளைந்த ஒரு காரியத்தைத் தவறு என்று எப்படிச் சொல்வது என்று நான் பலமுறை யோசித்திருக்கிறேன்.

டெல்பர்ட் அதைப் பற்றி ஒரு நாளும் வாய் திறக்கவில்லை. பிறகு அவன் தலை கெட்டது. வாழ்நாளெல்லாம் முட்டிய தலை, வேறென்ன ஆகும். முதலில் சாவியைத் தொலைத்தான், பிறகு வீட்டுக்கு வரும் வழியை. மனைவி வெர்னாவை "நர்ஸம்மா" என்று கூப்பிட ஆரம்பித்தான். சட்டைக்குப் பொத்தான் போடத் தெரியவில்லை. எல்லாம் வற்றிய பிறகு குட்டையின் அடியில் கிடப்பது தெரியுமல்லவா, அப்படி ஒன்று அவனுக்குள் தெரிய ஆரம்பித்தது.

ஒரு வெள்ளிக்கிழமை. வழக்கம்போல மூவரும் பொரித்த மீன் சாப்பிடப் போயிருந்தோம். டெல்பர்ட் முட்கரண்டியை வைத்துவிட்டுப் பக்கத்து மேசைக்காரர்களைப் பார்த்துச் சிரித்தான்.

"தூக்கிப் புடின்னான். ஒடைக்கிறேன்னான். ஒடைச்சிட்டான்ல!"

"எதை ஒடைச்சாங்களாம்?" என்றாள் வெர்னா.

"கழுத்தை."

வெர்னா சிரித்துவிட்டாள். "டிவியில எதையோ பாத்துட்டு ஒளர்றாரு. மனசுல வச்சுக்காதீங்க ரோலண்ட்."

அடுத்த வெள்ளிக்கிழமை அவள் சிரிக்கவில்லை. அவன் கழிப்பறைக்குப் போயிருந்த நேரத்தில் என்னிடம் குனிந்து கேட்டாள்.

"யாரு கழுத்துன்னு கேட்டேன். கீனன்னு சொல்றாரு. அது விபத்துதானே ரோலண்ட்?"

"விபத்துதான் வெர்னா. உலகமே பாத்துச்சு."

"அப்ப ஏன் அதைச் சொல்லிச் சொல்லி அழுவுறாரு?"

வருகிற ஞாயிற்றுக்கிழமை, ஆட்டத்தின் இடைவேளையில், என் சட்டை எண்ணை அரங்கத்துச் சுவரில் பொறிக்கப் போகிறார்கள். தடுப்பு ஆட்டக்காரனுக்கு அது கிடைப்பது அபூர்வம். திரையை விலக்கப் போகிறவன் கீனன். அவன் பக்கத்து நாற்காலி டெல்பர்ட்டுக்கு. அப்படித்தான் வேண்டும் என்று கீனனே கேட்டிருக்கிறான். டெல்பர்ட் அவன் முகத்தைப் பார்த்தால் என்ன சொல்வான் என்று எனக்குத் தெரியும்.

நான் பயந்தது எனக்காக அல்ல, மேடம். கீனனுக்கு மிச்சமிருப்பது அந்த மன்னிப்பு ஒன்றுதான். அதை வைத்துத்தான் அவன் உயிர் வாழ்கிறான். அதையும் அவனிடமிருந்து பிடுங்குவதா? டெல்பர்ட் புத்தியோடு இருந்தால் அவனே சம்மதித்திருப்பான்.

செவ்வாய்க்கிழமை காலையில், ஏரி உறைந்திருக்கிறது, காட்டிவிட்டு வருகிறேன் என்று சொல்லி அவனைக் கூட்டிப் போனேன். வெர்னாவுக்குச் சந்தோஷம். முடி வெட்டிக்கொள்ளப் போக அவளுக்கு நேரமே கிடைப்பதில்லை. கம்பளிக் குல்லாயை அவன் காது மறைய இழுத்துவிட்டாள். "மத்தியானத்துக்குள்ள வந்துடுங்க, மாத்திரை இருக்கு" என்றாள்.

டிசம்பர் தொடக்கத்தில் கரையோரப் பனிக்கட்டி ஆள் நின்றால் தாங்கும். வடக்கே, ஊற்று மேலே வருகிற இடத்தில், அது மெலிந்து சாம்பல் நிறமாக இருக்கும். அங்கே நாய்கூடப் போகாது. என் வீடு அந்த ஏரிக்கரையில்தான், எனக்குத் தெரியாமல் இருக்குமா.

டெல்பர்ட் அந்த வெள்ளை வெளியைப் பார்த்துக்கொண்டே நின்றான். "ஆட்டம் எப்படா?" என்றான்.

"இப்பத்தான்" என்றேன்.

உடனே குனிந்தான். முழங்கால் மடங்கியது, விரல்கள் பனிக்கட்டியைத் தொட்டன, கண் நேரே நின்றது. பொத்தான் போடத் தெரியாதவன். நான் வடக்கே கை நீட்டி, பழைய குரலில், "நீலம், இடப்பக்கம், போ" என்றேன். போனான். அந்த வயதில் ஒருவன் அப்படி ஓடி நீங்கள் பார்த்திருக்க மாட்டீர்கள். சிரித்துக்கொண்டே ஓடினான்.

பனிக்கட்டி உடைந்து உள்ளே போனவன் ஒருமுறை மேலே வந்தான். விளிம்பைப் பிடித்துக்கொண்டு என் பக்கம் திரும்பினான். காப்பாற்று என்று கேட்கவில்லை. "அடுத்து என்னடா?" என்று கேட்டான். குரலுக்காகக் காத்திருந்தான். நான் கொடுக்கவில்லை. வண்டியில் கயிறு இருந்தது, நீங்களே எடுத்துப் பார்த்திருப்பீர்கள், அது நனையவில்லை. குல்லாய் மறைந்து, தண்ணீர் அசையாமல் நின்ற பிறகுதான் உங்கள் காவல் நிலையத்துக்குத் தொலைபேசியில் சொன்னேன்.

ஆமாம், நான்தான் அவனைக் கொன்றேன். எங்கே கையெழுத்துப் போட வேண்டுமோ காட்டுங்கள்.

ஒரே ஒரு வேண்டுகோள். ஞாயிற்றுக்கிழமை விழாவை நிறுத்திவிடாதீர்கள். டெல்பர்ட்டுக்காக எல்லோரும் எழுந்து நின்று மௌனமாக இருக்கலாம். என்னைப் போக அனுமதித்தால் நானே அவனைப் பற்றி இரண்டு வார்த்தை பேசுவேன், அவனை என்னளவுக்கு அறிந்தவர் யாருமில்லை. கீனன் இந்நேரம் நாற்காலியோடு விமானம் ஏறியிருப்பான். அவ்வளவு தூரத்திலிருந்து வருகிறவனை ஏமாற்ற எனக்கு மனம் வரவில்லை, மேடம்.