கோரை வெட்டிய பள்ளம்

முழங்கால் வலி, இன்ஸ்பெக்டர் ஐயா. உட்கார்ந்துகொண்டே சொல்கிறேன். முப்பது வருஷம் மருந்து பம்பை முதுகில் சுமந்து தேயிலைச் சரிவில் ஏறி இறங்கினால் யாருக்கும் முழங்கால் போகும்.

என் உள்ளங்கை வெட்டுகளைத்தானே கேட்டீர்கள்? காட்டுக் கோரை அறுத்தது. எங்கள் மலையில் தண்ணீர் ஊறுகிற பள்ளங்களில் மட்டும் வளரும். இடுப்பு உயரம் நிற்கும். ஓரம் பிளேடு மாதிரி, ஆனால் வேர் நாலு பேர் இழுத்தாலும் வராது. அதன் அடியில் தரை இல்லை, கருஞ்சேறு. மருந்து அடிக்கிற நாங்கள் எல்லாப் புல்லையும் கொல்வோம், கோரையை மட்டும் விட்டுவைப்போம். "கோரை நின்னா கால் நிக்காது" என்று புது ஆளுக்கு முதல் நாளே சொல்லிவிடுவோம். தங்கையாவுக்குச் சொன்னவன் நான்தான்.

தங்கையா என் தங்கை மணியம்மாவின் புருஷன். கோலா தெர்லா ஊரில் காய்கறித் தோட்டத்தில் கிடந்தவனை எஸ்டேட்டில் சேர்த்துவிட்டதும் நான்தான். நல்ல உழைப்பாளி, அதைக் குறைத்துச் சொல்லமாட்டேன். இந்த எழுபத்தெட்டாம் வருஷம், போன மழைக்காலத்துக்குப் பிறகு, கங்காணி வேலை காலியானது. கங்காணி பம்பு சுமக்க வேண்டாம், ஆட்களைப் பார்த்துக்கொண்டு குச்சியோடு நடந்தால் போதும். என் முழங்காலுக்கு அந்த வேலை தேவைப்பட்டது. எஸ்டேட் துரை, அடுத்த மாதத்திலிருந்து கங்காணி என்று தங்கையாவின் பெயரைச் சொன்னார்.

அன்று சாயங்காலம் அவர்கள் வீட்டுக்குப் போனேன்.

"கவலைய விடுங்க மச்சான். நீங்க தேயில நெரையில ஒக்காந்து வெத்தல போடுங்க. நான் பாக்காத மாதிரி போயிருவேன் லா" என்றான்.

"அண்ணன் கொறட்ட விட்டா? அரை நாள் கூலிய வெட்டிரணும்" என்றாள் மணியம்மா.

மூவரும் சிரித்தோம். எனக்குக் கோபமில்லை. என் பூட்ஸ் கிழிந்துவிட்டது என்று அவனுடைய ரப்பர் பூட்ஸை இரவல் கேட்டேன். "ஒங்களுக்கு இல்லாததா" என்று கொடுத்தான்.

அதைப் போட்டுக்கொண்டுதான் அன்று ராத்திரி கீழ்ப் பள்ளத்துக் கோரையை வெட்டினேன். அந்த மலையில் அப்போதுதான் கவாத்து முடிந்திருந்தது. வெட்டிய தேயிலைக் கிளைகள் எங்கும் பரப்பிக் கிடந்தன. பள்ளத்தின் மேலும் பரப்பினேன். மற்ற இடம் மாதிரியே இருந்தது.

காலையில் நல்ல பனி. நிறைந்த பம்போடு, வெறுங்காலோடு வந்தான். கீழ்வழியாகப் போகச் சொன்னேன்.

"அங்க கோரப் பள்ளம் இருக்கே மச்சான்?"

"அது இன்னும் தள்ளி மாப்ள. கண்ணுக்குக் கோர தெரியுதா?"

தெரியவில்லை. போனான்.

மார்பு வரைக்கும் இறங்கிவிட்டான். பம்பு வார் தோளை இறுக்கிப் பிடித்திருந்தது. கிளைகளும் அவனோடு சேர்ந்து இறங்கின. "மச்சான், கையக் குடுங்க" என்றான். அசையாமல் இரு, கயிறு கொண்டுவருகிறேன் என்றேன். அது சரியான புத்திதான் ஐயா, சேற்றில் அசையக்கூடாது. ஸ்டோருக்கு நடந்து போனேன். இந்த முழங்காலை வைத்துக்கொண்டு ஓட முடியுமா?

ஆட்களோடு திரும்பி வந்து அவனைப் பிணமாக இழுத்துப் போட்டபோது அவன் உள்ளங்கையைப் பார்த்தேன். ஒரு கீறல் இல்லை. கோரை இருந்திருந்தால் கையை அறுத்திருக்கும், ஆளைக் கீழே போக விட்டிருக்காது.

நான் தள்ளவில்லை. கோரை வெட்டினேன், வழி சொன்னேன், மெதுவாக நடந்தேன். அவ்வளவுதான். கங்காணியான பிறகு நான் போட்ட முதல் உத்தரவு, அந்தப் பள்ளத்துக் கோரையை யாரும் தொடக்கூடாது என்பது. இப்போது குருத்து விட்டிருக்கிறது. இனி அங்கே ஒருவனும் விழமாட்டான்.

மணியம்மாவுக்கு நான் பட்ட கடன் ஒன்றுதான். இரவல் வாங்கிய பூட்ஸ். கழுவித்தான் வைத்திருக்கிறேன். கொடுத்துவிடுங்கள்.