உயிரோடு இருந்தவருக்கு ஓர் இரங்கற்பா

பின்வரிசையில ரெண்டு பேர் கடிகாரத்தைப் பார்க்கிறது எனக்குத் தெரியுது. பாருங்க, பாருங்க... நானும் சீக்கிரம் முடிக்கத்தான் பார்க்கிறேன். நடுவுல ஒரு சின்னக் கதை இருக்கு. அதைச் சொல்லிட்டு வசனத்துக்கு வந்துடறேன். நடந்ததான்னு கேக்காதீங்க... நமக்கு நடக்குதான்னு மட்டும் பாருங்க.

ரொம்ப காலத்துக்கு முன்னால, இங்கிலாந்துல, பக்கத்துப் பக்கத்து ஊர்ச் சபைகள்ல ரெண்டு போதகர்கள் இருந்தாங்க. ஒருத்தர் ஆம்ப்ரோஸ். இன்னொருத்தர் லயனல். போதகரை ஐயர்னு சொல்ற நம்ம பக்கத்து வழக்கப்படி ஆம்ப்ரோஸ் ஐயர், லயனல் ஐயர்னே வச்சுக்குவோம். ஒண்ணாப் படிச்ச சிநேகிதங்க. ரெண்டு பேருக்கும் ஒரே வியாதி... என்ன வியாதி? கவிதை! ஞாயித்துக்கிழமை பிரசங்கம், மத்த நாளெல்லாம் கவிதை. ஆட்டுக்குட்டியைப் பார்த்தா கவிதை. மழை பெய்ஞ்சா கவிதை. கோயில் மணிக்கயிறு அறுந்தா, கயிறு வாங்குறதுக்கு முந்தி அதுக்கும் ஒரு கவிதை. எழுதினதை இவர் அவருக்குத் தபால்ல அனுப்புவார். அவர் திருத்தி இவருக்கு அனுப்புவார். இப்படியே போய்க்கிட்டிருந்தது.

ஒரு தடவை ஆம்ப்ரோஸ் ஐயர் பக்கம் பக்கமா ஒரு கவிதை எழுதி அனுப்பினார். லயனல் ஐயர் பதில் போட்டார்: "சகோதரா, முதல் பக்கம் நல்லாருக்கு. மிச்சத்தை உன் ஆடு மேயட்டும்."

அவ்வளவுதான்... ஆம்ப்ரோஸ் ஐயருக்குக் கோபம் பொத்துக்கிட்டு வந்துடுச்சு. கடிதம் நின்னுபோச்சு. வருஷக்கணக்கா பேச்சுவார்த்தையே கிடையாது. பிரசங்க பீடத்துல ஏறி நின்னு "சகோதரனை மன்னியுங்கள்"னு ஊருக்கே சொல்றவர்... ஏன் சிரிக்கிறீங்க? நான் நம்ம யாரையும் சொல்லல. இங்கிலாந்தைச் சொல்றேன்.

ஒரு நாள் சேதி வருது. லயனல் ஐயருக்குக் கடுமையான காய்ச்சல், நெஞ்செல்லாம் சளி, வைத்தியர் கைவிரிச்சுட்டார். கேட்டதும் ஆம்ப்ரோஸ் ஐயர் உடைஞ்சுபோய் அழறார். நல்ல மனுஷன்தான் பாவம். கண்ணைத் துடைச்சுக்கிட்டு வேகமா எழுந்திரிச்சு எங்கே போனார் தெரியுமா? குதிரை லாயத்துக்கா? இல்ல... எழுத்து மேஜைக்கு. இரங்கற்பா எழுத உக்காந்துட்டார்.

அவர் மனைவி வினிஃப்ரெட் அம்மா வந்து கேக்கிறாங்க. "ஏங்க, வண்டி பூட்டச் சொல்லட்டுமா? இருட்டுறதுக்குள்ள போயிடலாம்."

"பொறும்மா... முதல் பாட்டு இப்பத்தான் அமைஞ்சு வருது."

மறுநாளும் வந்து நிக்கிறாங்க. "ஏங்க, அவர் உங்களைத் தேடுறாராம்."

"குறுக்கே பேசாதே வினிஃப்ரெட். 'நண்பனே, உன் குரலை இனி எங்கே கேட்பேன்'னு எழுதியிருக்கேன். அடுத்த அடி வரமாட்டேங்குது."

வினிஃப்ரெட் அம்மா சொன்னாங்க: "அவர் வீட்டுக்குப் போனா கேக்கலாங்க. இன்னும் உயிர் இருக்கு."

போனாரா? போகல. எழுதி எழுதி, தன் மனசுக்குள்ளேயே லயனல் ஐயரை அடக்கம் பண்ணி முடிச்சுட்டார். கவிதையை உறையில போட்டு, 'அடக்க ஆராதனையில் வாசிக்கவும்'னு மேல எழுதி, லயனல் ஐயரோட தங்கச்சிக்கு அனுப்பிட்டார்.

அங்கே என்ன ஆச்சு? காய்ச்சல் இறங்கிடுச்சு. லயனல் ஐயர் தலையணையில சாஞ்சு உக்காந்து கஞ்சி குடிச்சுக்கிட்டிருக்கார். தங்கச்சி உறையைப் பிரிச்சுட்டுத் திருதிருன்னு முழிக்கிறாங்க.

"என்னம்மா அது?"

"ஒண்ணுமில்லண்ணே..."

"குடு இப்படி."

வாங்கி வாசிக்கிறார். தன் சாவுக்குத் தானே துக்கம் கேக்கிறார். சிரிக்கிறார்... சிரிச்சுச் சிரிச்சு இருமல் வந்துடுச்சு. அப்புறம் ஒரு இடத்துல சிரிப்பு நின்னுபோச்சு. அங்கே எழுதியிருந்தது: 'நீ திருத்திய பிறகே என் வரிகள் நிமிர்ந்து நின்றன. இதை உன்னிடம் நான் சொல்லவே இல்லை.' லயனல் ஐயர் கஞ்சியைக் கீழே வச்சுட்டு அழுதார்.

உடனே பதில் எழுதினார். "சகோதரா, உன் இரங்கற்பா கிடைத்தது. ரொம்ப அருமை. ஒரே ஒரு குறை... இதைக் கேக்க நான் சாக வேண்டியிருந்தது. இந்தத் தடவை அது கைகூடல. நேர்ல வந்து வாசி."

ஆம்ப்ரோஸ் ஐயர் தொப்பியைக்கூட எடுக்கல. ஓடினார். மூஞ்சியெல்லாம் சிவந்துபோய் வாசல்ல நிக்கிறார். "உள்ளே வாடா... வாசி"ன்னார் லயனல் ஐயர். தாளைக் கையில வாங்கி ஆரம்பிச்சார்: "நண்பனே, உன் குரலை இனி எங்கே கேட்பேன்..." அந்த அடியோட நிறுத்திட்டு லயனல் ஐயரை நிமிர்ந்து பார்த்தார்.

கட்டில்லேருந்து லயனல் ஐயர் சொன்னார்: "இங்கேதான். அடிக்கடி வா."

என் அன்பான ஜனங்களே... நம்ம பஸ் ஸ்டாண்டுச் சுவரைப் போய்ப் பாருங்க. கண்ணீர் அஞ்சலி போஸ்டர். ஆளுயரத்துக்குப் படம். 'எங்கள் இதயத்தில் வாழ்பவரே'ன்னு கொட்டை எழுத்து. ஏன்யா, அவர் வீட்டுல வாழ்ந்தப்ப நீ எங்கே போனே? படத்துக்கு மாலை போடுறோம், கூட்டம் போட்டுப் புகழுறோம், குரல் தழுதழுக்கப் பேசுறோம். எல்லாம் நிஜமான அன்புதான், நான் மறுக்கல... ஆனா யாருக்குக் கேக்கணுமோ அவருக்கு மட்டும் கேக்கல. எனக்கு அதுதான் வயித்தெரிச்சல்.

இந்தப் பந்தல்லயே அண்ணன் முன்வரிசையில இருக்கீங்க, தம்பி கடைசி வரிசையில இருக்கீங்க. பேர் சொல்லமாட்டேன், பயப்படாதீங்க. ஆராதனை முடிஞ்சதும் பந்தியில அவன் பக்கத்துல போய் உக்காருங்க. கவிதையெல்லாம் வேண்டாம். "நல்லாருக்கியாப்பா?"ன்னு ஒரு வார்த்தை... போதும். அவன் இன்னைக்குப் பதில் சொல்லுவான்.