வாசலில் இறக்கி வைத்த பேணி

சைரன் மூன்று தரம் ஏறி இறங்குகிறது. மதியம் இரண்டே முக்கால். எங்கள் ஊர் லிவர்மோரின் மலைச்சரிவில் புல் எரிகிறது. சடசடவென்ற சத்தம் எங்கள் தெருப்பக்கம் வருகிறது.

"கெதியா ஏறுங்கோ! றோட்டைப் பூட்டப் போறாங்கள்!" கணவர் கத்துகிறார்.

"அம்மா, கெட் இன்!" மகள் பின்சீற்றில். அவளுக்குப் பக்கத்தில் அவளின் தம்பி. முன்சீற்றில் பக்கத்து வீட்டு ஹரூக்கோ ஆன்ட்டி, வயது எண்பத்தாறு. மகளின் காலடியில் ஆன்ட்டி ஏற்றிய வட்டத் தகரப் பேணி.

அதற்குள் ஒரு படச்சுருள். அவருடைய அப்பா கென்ஜி, பேசாப்படக் காலத்து ஜப்பானில் துணை நடிகர். பெயர் திரையில் வந்ததே இல்லை. வாள்சண்டையில் செத்து விழுவதுதான் தொழில். இந்த ஒரு சுருளிலேயே வேறு வேறு மீசையோடு மூன்று தரம் சாகிறாராம். சொல்லிச் சொல்லிச் சிரிப்பார் ஆன்ட்டி. டோக்கியோவில் குண்டு விழுந்து ஊர் எரிந்த அன்று அப்பா போய்விட்டார். மற்றப் படங்களும் சாம்பல். ஆன்ட்டியின் அம்மா இதை மட்டும் மெத்தைக்குள் சுற்றிக்கொண்டு, சின்னப் பிள்ளையான ஆன்ட்டியையும் இழுத்தபடி ஓடினார். அந்த முகம் வேறெங்கும் இல்லை. அடுத்த வாரம் பிரதி எடுக்க ஆள் வருவதாக இருந்தது.

ஆன்ட்டியே ஒருநாள் சொன்னது: பழைய ஃபிலிம் சூடு பட்டாலே பற்றும். தண்ணீருக்குள்ளும் அணையாது.

கார்க் கண்ணாடியில் தீப்பொறி விழுந்தது. மகளின் காலைப் பார்த்தேன். பேணியைத் தூக்கினேன். எங்கள் கராஜ் வாசலில் வைத்தேன். ஏறிக் கதவை அடித்துச் சாத்தினேன். ஆன்ட்டி முன்னால் புகையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

ஒரு முகம் தொலைந்தால் என்ன என்று எனக்குத் தெரியாதா? 2009 மாசி. புதுக்குடியிருப்பில் கடைசிப் போர். "படுங்கோ! படுங்கோ!" ஷெல் கூவிக்கொண்டு வருகிறது. சைக்கிளில் பாரம் கூட என்று போட்டோ ஆல்பத்தை வாய்க்காலில் எறிந்தவள் நான். மாப் பையை ஏற்றினேன். அந்த மாவில்தான் உயிர் பிழைத்தோம். என் அப்பா பிழைக்கவில்லை. அவர் மூக்கு எப்படி இருக்கும் என்று கேட்டால் இன்று எனக்குச் சொல்லத் தெரியாது. பட்டும் திருந்தாத பாவி.

இந்தத் தீக்குத் தப்பிப் பள்ளிக்கூட மண்டபத்தில் தங்கினோம். ஆன்ட்டி என் கையைப் பிடித்தார்.

"டின் சேஃப்?"

"சேஃப், ஆன்ட்டி." வாய் கூசாமல் சொன்னேன். அதற்குப் பிறகுதான் அவர் சாப்பிட்டார்.

மூன்றாம் நாள் திரும்பினோம். ஆன்ட்டி வீட்டுக்கு ஒரு கீறலும் இல்லை. அலமாரியிலேயே விட்டிருந்தால் சுருள் இன்று இருக்கும். எங்கள் கராஜ் கருகிக் கிடந்தது. வாசல் சீமெந்தில் கறுப்பாக ஒரு வட்டம். ஆன்ட்டி குனிந்து அதைத் தொட்டார். என்னைப் பார்த்தார். ஐயோ, திட்டியிருக்கலாமே.

போனவை: ஒரு கராஜ். இரண்டு வேலி. ஒரு பேணி. உயிர்ச்சேதம் இல்லை என்று டிவியில் சொன்னார்கள்.

பொய். கென்ஜி, நடிகர். படத்தில் மூன்று தரம். டோக்கியோவில் ஒரு தரம். லிவர்மோரில், என் கையால், ஒரு தரம்.